குஜராத்திலிருந்து ஃப்ரோஸன் ஃபிரைஸ் ஏற்றுமதி: முதல் கன்டெய்னருக்கு முன் இதைப் படியுங்கள்

நான் திருப்பூர்க்காரன். பனியன் ஏற்றுமதியில் பதினான்கு வருடம் குப்பை கொட்டியவன். ஷிப்பிங் பில் (சுங்கத்தில் தாக்கல் செய்யும் ஏற்றுமதிப் பத்திரம்), எல்.சி. (வாங்குபவரின் வங்கி தரும் பண உறுதிக் கடிதம்), கன்டெய்னர் எல்லாம் எனக்குத் தண்ணி பட்ட பாடு என்ற தெனாவட்டோடுதான் 2024 கடைசியில் ஃப்ரோஸன் ஃபிரைஸ் (உறைய வைத்த உருளைக்கிழங்கு ஃபிரைஸ்) பக்கம் வந்தேன். சொந்தமாக ஆலை கிடையாது. குஜராத்தில் ஒரு ஆலையிடம் வாங்கி என் பெயரில் அனுப்பும் மெர்ச்சன்ட் எக்ஸ்போர்ட்டர், அவ்வளவுதான். முதல் கன்டெய்னர் 2025 ஜனவரியில் குஜராத்தின் முந்த்ரா துறைமுகத்திலிருந்து மலேசியாவின் கிள்ளான் துறைமுகத்துக்குப் போனது. கணக்கு முடித்தபோது ஒன்றரை லட்சத்துக்கு மேல் நஷ்டம். அது போக 2.7 லட்சம் ஜிஎஸ்டியில் நான்கு மாதம் முடங்கிக் கிடந்தது.

நஷ்டத்துக்குக் காரணம் யாரும் என்னை ஏமாற்றியது அல்ல. கிலோவுக்கு என்ன விலை என்பதை ஒரே எண்ணாக நினைத்துக்கொண்டு கொட்டேஷன் அனுப்பினேன். இந்தப் பொருளில் விலை என்பது எந்த மாதம், என்ன நீளம், எத்தனை நாள் செல்லுபடி, எந்த வரி விகிதம் என்று நாலைந்து விஷயங்கள் சேர்ந்தது. அந்த வரிசையிலேயே எழுதுகிறேன்.

1. ஆலைக்குப் போன் போடுவதற்கு முன் சுங்கத் தரவைப் பாருங்கள்

இந்தியச் சுங்கப் பட்டியலில் ஃப்ரோஸன் ஃபிரைஸின் குறியீடு 20041000. எண்ணெயில் லேசாகப் பொரித்து உறைய வைத்த கிழங்கு எல்லாம் இதில் வரும். பொரிக்காமல் பச்சையாகவோ அவித்தோ உறைய வைத்தது 0710இல் வரும். கிழங்கு மாவும் ஃபிளேக்ஸும் 1105. இதில் குழப்பிக்கொண்டால் எல்லாக் காகிதத்திலும் குழப்பம் தொடரும்.

வணிக அமைச்சகத்தின் டிரேட்ஸ்டாட் தளத்தில் இந்தக் குறியீட்டைப் போட்டால், எந்த நாட்டுக்கு எவ்வளவு போயிருக்கிறது, மதிப்பு எவ்வளவு என்று வரும். இலவசம். மதிப்பை எடையால் வகுத்தால் சராசரி கிலோ விலை கிடைக்கும். நான் இதை முதல் கன்டெய்னர் போன பிறகுதான் செய்தேன், நீங்கள் முதல் நாளே செய்யுங்கள்.

2023-24 நிதியாண்டில் இந்தியாவிலிருந்து போன ஃபிரைஸ் 1,35,877 டன், மதிப்பு சுமார் 1,479 கோடி ரூபாய். கிலோ சராசரி 109 ரூபாய் சுமாருக்கு வருகிறது. அடுத்த ஆண்டு 2024 ஏப்ரல் முதல் அக்டோபர் வரை ஏழே மாதத்தில் 1,06,506 டன், சுமார் 1,057 கோடி. கிலோ சராசரி 99 ரூபாய். மாதத்துக்கு 11,300 டன் போய்க்கொண்டிருந்தது 15,200 டன்னாக ஏறியிருக்கிறது, விலை மட்டும் கிலோவுக்குப் பத்து ரூபாய் இறங்கியிருக்கிறது. குஜராத்தில் மெஹ்சானா, பனாஸ்காண்டா, சாபர்காண்டா பக்கம் புதுப்புது உற்பத்தி லைன்கள் ஓட ஆரம்பித்ததும் சரக்குக்கு ஆள் தேடும் நிலை வந்துவிட்டது. "ஏற்றுமதி எகிறுகிறது" என்று தலைப்பைப் பார்த்து இறங்குகிறவர்கள் இந்த இரண்டாவது எண்ணைப் பார்ப்பதில்லை. வாங்குகிறவர் பார்த்திருப்பார். மணிலாவில் உட்கார்ந்திருக்கும் இறக்குமதியாளருக்கு நம் சராசரி விலை மனப்பாடம்.

இந்தச் சராசரியை அப்படியே நம்பவும் கூடாது. இது எஃப்.ஓ.பி. மதிப்பு, கப்பல் வாடகை சேராது. இன்று நீங்கள் பார்க்கும் மாதத்தின் விலை, அதற்கு இரண்டு மூன்று மாதம் முன்பு பேசி முடித்த விலை. ஆலு டிக்கி, ஹாஷ் பிரவுன், மசாலா வெட்ஜஸ் எல்லாம் இதே குறியீட்டில் கலந்திருக்கும். அதனால் ஒரு நாட்டின் சராசரி திடீரென்று உயரமாகத் தெரிந்தால், அங்கே சாதா ஃபிரைஸுக்கு நல்ல விலை கிடைக்கிறது என்று அர்த்தமில்லை. பிலிப்பைன்ஸ், தாய்லாந்து, மலேசியா, சவுதி, அமீரகம் போல ஃபிரைஸ் மொத்தமாகப் போகும் நாடுகளை மட்டும் தனியாக எடுத்து ஒப்பிடுங்கள்.

ஐரோப்பாவின் நிலவரத்தையும் ஒரு கண் பார்த்துக்கொள்ள வேண்டும். உலகச் சந்தையில் பெரிய தலை பெல்ஜியமும் நெதர்லாந்தும்தான். 2023 கடைசியில் செங்கடலில் கப்பல்கள் தாக்கப்பட ஆரம்பித்ததும் அவர்கள் சரக்கு ஆப்பிரிக்காவைச் சுற்றி வர வேண்டியதாயிற்று. வளைகுடாவிலும் தென்கிழக்கு ஆசியாவிலும் நமக்குக் கதவு திறந்ததற்கு அது ஒரு காரணம். 2025 அறுவடைக்குப் பிறகு அங்கே கிழங்கு அளவுக்கு மீறி விளைந்து, ஒப்பந்தத்தில் இல்லாத கிழங்கு அடிமாட்டு விலைக்குப் போனது. சீனச் சரக்கும் மலிவாக வருகிறது. ஆகவே "இந்திய விலைதான் குறைவு" என்ற நினைப்பில் கொட்டேஷன் போடாதீர்கள். வாங்குபவரிடம் பெல்ஜியம், சீனா இரண்டின் விலையும் என்ன என்று நேராகக் கேளுங்கள். பாதிப் பேர் சொல்லிவிடுவார்கள்.

2. விலைக்கு ஒரு காலண்டர் போட்டுக்கொள்ளுங்கள்

ஊரில் எல்லோரும் என்னிடம் கேட்ட கேள்வி: "மேட்டுப்பாளையம் மண்டியில் இல்லாத கிழங்கா? எதற்குக் குஜராத்?" மண்டிக் கிழங்கு பொரியலுக்கும் குருமாவுக்கும் சரி. ஃபிரைஸுக்குச் சர்க்கரை குறைவாகவும் திடப்பொருள் அதிகமாகவும் உள்ள நீள ரகம் வேண்டும். சான்டானா, இன்னோவேட்டர், குஃப்ரி ஃப்ரைசோனா போன்றவை. சாதாரணக் குளிர்பதனக் கிடங்கில் 2 முதல் 4 டிகிரியில் வைத்த கிழங்கில் மாவுச்சத்து சர்க்கரையாக மாறிவிடும், பொரித்தால் கருத்துப்போகும். ஃபிரைஸ் கிழங்கை 10 டிகிரிக்கு மேல் வைத்து, முளைவிடாமல் மருந்துப்புகை போட்டுப் பாதுகாக்கிறார்கள்.

அங்கே நடவு அக்டோபர், நவம்பர். அறுவடை பிப்ரவரி, மார்ச். அந்த இரண்டு மூன்று மாதம் வயலிலிருந்து நேராக ஆலைக்குக் கிழங்கு வரும். கிடங்கு வாடகை இல்லை, நிறம் பளிச்சென்று இருக்கும், ஆலைகள் முழுவேகத்தில் ஓடும். பேரம் பேச ஏற்ற நேரம் அதுதான். ஏப்ரலுக்குப் பிறகு கிடங்குக் கிழங்கு. மாதம் ஏற ஏற வாடகை, எடை இழப்பு, அழுகல் எல்லாம் விலையில் ஏறும். ஒரு கிலோ ஃபிரைஸுக்கு ஏறக்குறைய இரண்டு கிலோ கிழங்கு போகிறது. அதனால் கிழங்கில் ஒரு ரூபாய் ஏறினால் ஃபிரைஸில் இரண்டு ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

டிசம்பர், ஜனவரிதான் ஆபத்தான மாதங்கள். பத்து மாதக் கிழங்கு, விலை உச்சம், சர்க்கரையும் ஏறியிருக்கும். இப்போது ரமலான் பிப்ரவரி, மார்ச் வாக்கில் வருகிறது. முஸ்லிம் நாடுகளில் ஃபிரைஸ் விற்பனைக்கு அதுதான் பெரிய சீசன், சரக்கு ஒரு மாதம் முன்பாவது அங்கே இறங்கியிருக்க வேண்டும். அதாவது இங்கே டிசம்பரிலும் ஜனவரி முதல் பாதியிலும் ஏற்ற வேண்டும். அதிகத் தேவையும் மோசமான கிழங்கும் ஒரே மாதத்தில் வந்து மோதுகின்றன. நான் மாட்டியது சரியாக இங்கேதான். என் சரக்கு பொரித்தபோது நுனி பழுப்பாக வருகிறது என்று படம் எடுத்து அனுப்பினார்கள். ஐந்து சதவீதம் தள்ளுபடி கொடுத்துத்தான் மீதிப் பணம் வந்தது. ரமலான் ஆர்டர் பிடிக்கிறீர்கள் என்றால், அக்டோபரிலேயே உற்பத்தி செய்து ஆலையின் குளிர்கிடங்கில் வைத்திருக்கச் சொல்லுங்கள். உறைந்த சரக்குக்கு 18 முதல் 24 மாதம் ஆயுள் உண்டு, இரண்டு மாத வாடகை கொடுத்தாலும் லாபம்.

எண்ணெய் விலையையும் மறக்காதீர்கள். பொரிக்கப் பயன்படுத்துவது பெரும்பாலும் பாமாயில். 2024 செப்டம்பரில் மத்திய அரசு சமையல் எண்ணெய் இறக்குமதி வரியை ஒரே அடியில் 20 சதவீதப் புள்ளிக்கு மேல் ஏற்றியபோது ஆலைகள் அடுத்த கொட்டேஷனிலேயே அதைச் சேர்த்தன. 2025 மே கடைசியில் சுத்திகரிக்காத சமையல் எண்ணெய்க்கு அடிப்படை வரியை 20இலிருந்து 10 சதவீதமாகக் குறைத்தார்கள். அப்போது விலையைத் தானாகக் குறைத்துக் கொடுத்தவர் யாரையும் நான் பார்க்கவில்லை. கேட்டுத்தான் வாங்க வேண்டும்.

3. பதிவுகள்: ஆறு வாரம் ஒதுக்குங்கள்

ஏற்கெனவே வேறு பொருள் ஏற்றுமதி செய்கிறவர்களுக்குப் பாதி வேலை முடிந்திருக்கும். இல்லாதவர்களுக்கு வரிசை இது.

ஐஇசி (ஏற்றுமதி இறக்குமதி எண்): டிஜிஎஃப்டி (வெளிநாட்டு வர்த்தக இயக்குநரகம்) தளத்தில் 500 ரூபாய், ஓரிரு நாளில் வந்துவிடும். ஒவ்வொரு ஆண்டும் ஏப்ரல் முதல் ஜூனுக்குள் உள்ளே போய் விவரங்களை உறுதிசெய்ய வேண்டும், மாற்றம் எதுவும் இல்லாவிட்டாலும். மறந்தால் செயலிழந்துவிடும். கன்டெய்னர் வாசலில் நிற்கும்போது இதைக் கண்டுபிடித்தவர்கள் உண்டு.

அபேடா (வேளாண் உணவுப் பொருள் ஏற்றுமதி மேம்பாட்டு ஆணையம்) உறுப்பினர் சான்று, அதாவது ஆர்சிஎம்சி: நான் கட்டியது ஜிஎஸ்டி சேர்த்து 5,900 ரூபாய். இது வெறும் சம்பிரதாயம் என்று நினைத்துத் தள்ளிப்போட்டேன். ஆறாவது படியில் இதன் அருமை தெரியும்.

எஃப்எஸ்எஸ்ஏஐ (உணவுப் பாதுகாப்பு ஆணையம்) மத்திய உரிமம்: மாநில உரிமம் ஏற்றுமதிக்குச் செல்லாது. நான் எடுத்தபோது ஆண்டுக்கு 7,500 ரூபாய். இதுதான் அதிக நாள் எடுத்தது, ஒரு கேள்வி கேட்டுத் திருப்பி அனுப்பி, பதில் போட்டு, முடியவே ஒரு மாதம். முதலில் இதற்கு விண்ணப்பித்துவிட்டு மற்றவற்றைப் பாருங்கள்.

எல்யுடி: வரி கட்டாமல் ஏற்றுமதி செய்வதற்கான உறுதிக் கடிதம். ஜிஎஸ்டி தளத்தில் ஆர்எஃப்டி-11 படிவம், கட்டணம் இல்லை. நிதியாண்டுக்கு ஒருமுறை புதிதாகப் போட வேண்டும். ஃபிரைஸின் நல்ல சீசன் மார்ச்சில் ஆரம்பித்து ஏப்ரலுக்குள் நீளுவதால், ஏப்ரல் 1ஆம் தேதி காலையிலேயே போட்டுவிடுங்கள்.

வங்கியின் ஏடி கோடு: ஏற்றுமதிப் பணம் வரும் வங்கிக் கிளையின் எண், துறைமுகச் சுங்கத்தில் பதிவாகியிருக்க வேண்டும். திருப்பூர்க்காரர்களுக்கு இது தூத்துக்குடியில் இருக்கும். ஃபிரைஸ் ஏறப்போவது முந்த்ராவிலோ பிபாவாவிலோ நவசேவாவிலோ. அந்தத் துறைமுகத்தில் செயல்பாட்டில் இருக்கிறதா என்று அங்குள்ள சி.எச்.ஏ.விடம் (சுங்க முகவரிடம்) முன்கூட்டியே பார்த்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

ஹலால் சான்று பெரும்பாலும் ஆலையிடமே இருக்கும். அதில் உங்கள் பிராண்ட் பெயரும் இருக்க வேண்டுமா என்று வாங்குபவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். இந்தோனேசியா என்றால் பிபிஓஎம் (அந்நாட்டு உணவு, மருந்து ஆணையம்) பதிவை அங்குள்ள இறக்குமதியாளர் எடுத்திருக்க வேண்டும். அது இல்லாமல் "முதலில் ஒரு கன்டெய்னர் அனுப்புங்கள்" என்று சொல்பவரிடமிருந்து விலகிவிடுங்கள். ஐரோப்பாவை இப்போதைக்கு மறந்துவிடுங்கள். நம் கிடங்குகளில் வழக்கமாகப் போடும் குளோர்புரோஃபாம் என்ற முளைத்தடுப்பு மருந்துக்கு அங்கே 2020இல் கதவைச் சாத்திவிட்டார்கள். எச்சத்தின் அளவு கூடினால் சரக்கு திரும்பும்.

4. ஆலையிடம் "ஃபிரைஸ் என்ன விலை?" என்று கேட்காதீர்கள்

அப்படிக் கேட்டால் கிடைப்பது அன்று அவர்களிடம் தேங்கியிருக்கும் சரக்கின் விலை. நான் இரண்டு ஆலையிடம் விலை வாங்கி, கிலோவுக்கு ஆறு ரூபாய் குறைவாகச் சொன்னவரைக் கெட்டிக்காரத்தனமாகப் பிடித்தேன். பெட்டியைத் திறந்தால் பாதிக்குப் பாதி குட்டை. அந்த ஆறு ரூபாய் நீளத்தில் கழித்தது.

கேட்க வேண்டியவை: வெட்டு அளவு எத்தனை மி.மீ. (7, 9, 11 என்று வரும், கடைகளில் அதிகம் ஓடுவது 9உம் 7உம்). 50 மி.மீ.க்கு மேல் நீளமுள்ளவை எடையில் எத்தனை சதவீதம், 75க்கு மேல் எத்தனை. கோட்டிங் உண்டா இல்லையா. கோட்டிங் போட்டது மொறுமொறுப்பு அதிக நேரம் நிற்கும், விலையும் கூடும். திடப்பொருள் சதவீதம். யுஎஸ்டிஏ நிற அட்டையில் எந்த எண்ணுக்குள் வரும். கறுப்புப் புள்ளி, தோல் ஒட்டியது கிலோவுக்கு எத்தனை வரை ஏற்கப்படும். இத்தனையையும் ஒரு பக்கத் தாளாக ஆலையின் முத்திரையோடு வாங்கி, அதையே வாங்குபவரிடம் கையெழுத்து வாங்குங்கள். இந்தத் தாள் என்னிடம் இருந்திருந்தால் ஐந்து சதவீதத் தள்ளுபடிக்குப் பதில் சொல்ல ஏதாவது இருந்திருக்கும்.

ஆலைக்கு நேரில் போங்கள். கோயம்புத்தூரிலிருந்து அகமதாபாத் போய், அங்கிருந்து மெஹ்சானா காரில் ஒன்றரை மணி நேரம். உங்கள் சரக்கு ஓடும் நாளில் அங்கே நின்று, ஒவ்வொரு இரண்டு மணி நேரத்துக்கும் ஒரு பை எடுத்து அவர்கள் லேபிலேயே பொரித்துப் படம் எடுத்து வையுங்கள். போக முடியாவிட்டால் பரிசோதனை நிறுவனம் ஒன்றை அனுப்புங்கள்.

சொந்தப் பிராண்டில் அச்சடித்த பை வேண்டுமென்றால் நிறத்துக்கு ஒரு அச்சுச் சிலிண்டர் செய்ய வேண்டும், ஃபிலிமுக்குக் குறைந்தபட்ச அளவு கேட்பார்கள், அச்சாகி வர மூன்று நான்கு வாரம். முதல் கன்டெய்னருக்கு ஆலையின் பையிலேயே அனுப்பிவிடுங்கள்.

5. கொட்டேஷன் கணக்கு

என் முதல் கணக்கை அப்படியே தருகிறேன். 40 அடி ஹைக்யூப் ரீஃபர் (உயரம் கூடிய குளிர்பதனக் கன்டெய்னர்), 10 கிலோ பெட்டி 2,400, மொத்தம் 24 டன். பெட்டிக்குள் 2.5 கிலோ பை நான்கு.

ஆலை விலை கிலோ 92 ரூபாய். மெஹ்சானாவிலிருந்து முந்த்ரா முந்நூறு கிலோமீட்டருக்கு மேல். ஜென்செட் (ஜெனரேட்டர்) பொருத்திய டிரெய்லர் வாடகை, துறைமுகக் கட்டணம், சி.எச்.ஏ., சான்றுகள் எல்லாம் சேர்த்து கிலோவுக்கு 5 ரூபாய் 60 காசு. கிள்ளானுக்குக் கப்பல் வாடகை கிலோவுக்கு 7 ரூபாய் 80 காசு. காப்பீடு, வங்கிச் செலவு 60 காசு. கூட்டினால் 106. நான் அனுப்பிய விலை கிலோ 1.28 டாலர், அன்றைய மதிப்பில் 108 ரூபாய். லாபம் கிலோவுக்கு இரண்டு ரூபாய், கன்டெய்னருக்கு ஐம்பதாயிரத்தைத் தொடும். இந்தத் தொழிலில் மார்ஜின் இவ்வளவுதான் என்பதே பலருக்கு முதல் அதிர்ச்சி.

தப்பு எங்கே? ஆலை எனக்குக் கொடுத்த விலை ஏழு நாளைக்குத்தான் செல்லும். பனியன் பழக்கத்தில் நான் வாங்குபவருக்கு முப்பது நாள் கொடுத்துவிட்டேன். அவர் இருபத்தாறாம் நாள் ஆர்டரை உறுதி செய்தார். அதற்குள் ஆலை மூன்று ரூபாய் ஏற்றியிருந்தது. லாபம் அங்கேயே போயிற்று. ஜனவரியில் ரூபாய் 86ஐத் தாண்டிச் சரிந்ததில் கொஞ்சம் திரும்பி வந்தது. அதை வியாபாரம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

இப்போது என் கொட்டேஷனின் ஆயுள், ஆலை கொடுக்கும் ஆயுளைவிட இரண்டு நாள் குறைவு. கப்பல் வாடகையைத் தனி வரியில் "ஏற்றும் நாளின் வாடகைப்படி" என்று போடுகிறேன். ரீஃபர் வாடகை பதினைந்து நாளுக்கு ஒருமுறை மாறும், மாம்பழ சீசனிலும் இறால் சீசனிலும் பெட்டி கிடைப்பதே பெரும்பாடு.

கையிலிருக்க வேண்டிய பணத்தையும் கணக்கில் எடுங்கள். ஆலைக்கு ஏற்றுவதற்கு முன்பே முழுப்பணம். வாங்குபவரிடமிருந்து 30 சதவீதம் முன்பணம், மீதி பி.எல். (கப்பல் நிறுவனம் தரும் சரக்கு ரசீது) நகல் பார்த்தபின். ஒரு கன்டெய்னருக்கு இருபது லட்சம், ஒன்றரை மாதம் வெளியே நிற்கும். புது ஆள் என்றால் இசிஜிசி (வாங்குபவர் பணம் தராவிட்டால் ஈடுகட்டும் அரசு நிறுவனம்) காப்பீடு எடுங்கள், அல்லது சைட் எல்.சி. (காகிதம் காட்டியதும் பணம் தரும் எல்.சி.) கேளுங்கள்.

6. ஜிஎஸ்டி: 0.1 சதவீத வழி

இதற்காகவே இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்தேன் என்று சொல்லலாம். அப்போது இந்தப் பொருளுக்கு 12 சதவீதம். ஆலை பில்லில் 2.7 லட்சம் போட்டது, கட்டினேன். திரும்ப வரும்தானே என்று நினைத்தேன். வந்தது, நான்கு மாதம் கழித்து. 2025 செப்டம்பர் 22 முதல் 5 சதவீதமாகிவிட்டது. அப்படியும் ஒரு கன்டெய்னருக்கு ஒரு லட்சத்துக்கு மேல் மாட்டும்.

மெர்ச்சன்ட் எக்ஸ்போர்ட்டர் ஆலையிடமிருந்து 0.1 சதவீத வரியில் வாங்கலாம். 22 லட்சத்துக்கு 2,200 ரூபாய். 2017இலிருந்தே இருக்கும் சலுகை. ஆலையின் கணக்காளருக்குத் தெரியும், நீங்கள் கேட்டால்தான் சொல்வார். நிபந்தனைகள்: உங்களிடம் ஆர்சிஎம்சி இருக்க வேண்டும் (அபேடாவை நான் தள்ளிப்போட்டதன் பலன் இதுதான்). ஆர்டர் நகலை ஆலையின் வரி அதிகாரிக்கும் அனுப்ப வேண்டும். சரக்கு ஆலையிலிருந்து நேராகத் துறைமுகத்துக்கோ ஐசிடிக்கோ (உள்நாட்டுக் கன்டெய்னர் முனையம்) போக வேண்டும், அல்லது பதிவு பெற்ற கிடங்கு வழியாக. ஆலை பில் தேதியிலிருந்து 90 நாளுக்குள் ஏற்றுமதி ஆகியிருக்க வேண்டும். ஷிப்பிங் பில்லில் ஆலையின் ஜிஎஸ்டி எண்ணும் பில் எண்ணும் இருக்க வேண்டும். இந்தக் கடைசி ஒன்றை சி.எச்.ஏ. விட்டுவிடுவார், வரைவை நீங்களே படித்துப் பாருங்கள். ஏற்றுமதி முடிந்ததும் ஷிப்பிங் பில் நகலும் சரக்கு புறப்பட்டதற்கான ஆதாரமும் ஆலைக்கும் அந்த அதிகாரிக்கும் போக வேண்டும்.

அக்டோபரில் உற்பத்தி செய்து வைக்கச் சொன்னேன் அல்லவா? அந்தச் சரக்குக்கு பில்லை அக்டோபரில் வாங்காதீர்கள். ஏற்றும் வாரத்தில் போடச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் 90 நாள் ஓடிவிடும்.

7. ஏற்றும் நாள்

ரீஃபர் கன்டெய்னர் குளிர்ச்சியைக் காப்பாற்றும், சூடான சரக்கைக் குளிர வைக்காது. பெட்டிக்குள் சரக்கின் நடுவெப்பம் மைனஸ் 18 டிகிரி இருந்தால்தான் ஏற்ற வேண்டும். ஊசித் தெர்மாமீட்டரால் குத்திப் பார்த்துப் படம் எடுங்கள். வெறும் கன்டெய்னரை முன்கூட்டியே மைனஸ் 18க்குக் கொண்டுவந்து வெயிலில் கதவைத் திறந்தால் உள்ளே ஈரம் படிந்து பனிக்கட்டியாகும். ஆலையில் கதவோடு ஒட்டும் குளிர்த்தளம் இல்லையென்றால் முன்குளிர்ச்சி வேண்டாம்.

பிடிஐ (புறப்படும் முன் ரீஃபரைச் சோதித்ததற்கான) ஸ்டிக்கர் இருக்கிறதா, காற்றுத் துவாரம் மூடியிருக்கிறதா, வெப்பநிலை அமைப்பு கூட்டல் 18ஆக இல்லாமல் கழித்தல் 18ஆக இருக்கிறதா என்று பாருங்கள். சிரிக்காதீர்கள், நடந்திருக்கிறது. கன்டெய்னருக்குள் இருக்கும் சிவப்புக் கோட்டுக்கு மேல் அடுக்கக் கூடாது. ஒரு டேட்டா லாகரை (வெப்பநிலையைப் பதியும் கருவி) நடுவில் ஒரு பெட்டியிலும் ஒன்றைக் கதவோரத்திலும் போடுங்கள், ஒன்று இரண்டாயிரம் ரூபாய்க்குள் கிடைக்கும்.

காப்பீட்டில் ஃப்ரோஸன் ஃபுட் பிரிவு இருக்க வேண்டும். அதிலும் குளிர்விக்கும் இயந்திரம் தொடர்ந்து 24 மணி நேரம் நின்றால்தான் இழப்பீடு என்ற வரி வழக்கமாக இருக்கும். விட்டுவிட்டு நின்றால் கிடைக்காது.

எனக்கு நடந்தது வேறு. 2,400 பெட்டிக்கு இன்வாய்ஸ், பேக்கிங் லிஸ்ட், ஷிப்பிங் பில் எல்லாம் முதல் நாளே தயார். ஏற்றும்போது கதவோரம் 12 பெட்டி நுழையவில்லை. லோடிங் மேஸ்திரி ஓரமாக வைத்துவிட்டுக் கதவைச் சாத்தி சீல் வைத்தார். சி.எச்.ஏ. ஷிப்பிங் பில்லைத் திருத்தினார், பி.எல். 2,388 என்று சரியாக வந்தது. நான் அனுப்பிய இன்வாய்ஸில் மட்டும் 2,400. கிள்ளானில் அந்த வித்தியாசத்துக்காகச் சரக்கு ஆறு நாள் கூடுதலாக நின்றது. ரீஃபருக்கு இலவச நாள் குறைவு. அதற்கு மேல் கன்டெய்னர் வாடகையும் மின்சாரக் கட்டணமும் தினமும் ஏறும். 450 டாலரை வாங்குபவர் என் கணக்கில் கழித்துக்கொண்டார், நியாயம்தான்.

ஆகவே: பெட்டி எண்ணிக்கையைச் சீல் வைத்த பிறகு எழுதிய டேலி ஷீட்டிலிருந்து (ஏற்றிய பெட்டிகளின் எண்ணிக்கைத் தாள்) எடுத்து, எல்லாக் காகிதத்தையும் அன்று இரவே மறுபடி போடுங்கள். கப்பல் புக் செய்யும்போதே இறங்குமிடத்தில் 14 நாள் இலவசம் கேளுங்கள். பேசினால் 10 ஆவது கிடைக்கும். பி.எல்.லில் எழுதி வாங்குங்கள்.

8. கப்பல் போன பிறகு

முந்த்ராவிலிருந்து ஜெபல் அலி ஒரு வாரத்துக்குள், கிள்ளான் இரண்டு வாரம் சுமாருக்கு, மணிலா மூன்று வாரத்துக்கு மேல். வழியில் கப்பல் மாற்றினால் கூடும். பூர்வீகச் சான்றை (சரக்கு இந்தியாவில் உருவானது என்ற சான்று) டிஜிஎஃப்டி தளத்தில் எடுக்கலாம். ஆசியான் நாடுகளுக்கு ஏஐ (ஆசியான்-இந்தியா) படிவம், அமீரகத்துக்கு 2022 மே முதல் செயலில் உள்ள சீபா வர்த்தக ஒப்பந்தப்படி தனிப் படிவம். அதில் போடும் குறியீடும் இன்வாய்ஸ் எண்ணும் எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போக வேண்டும். ஜெபல் அலி போன்ற குறுகிய பயணத்தில் காகிதம் கப்பலுக்குப் பின்னால் போய்ச் சேரும் ஆபத்து உண்டு. எக்ஸ்பிரஸ் பி.எல். அல்லது டெலக்ஸ் ரிலீஸ் (அசல் பி.எல். கையில் இல்லாமலே சரக்கை விடுவிக்கும் வழிகள்) பற்றி வாங்குபவரிடம் முன்பே பேசிவிடுங்கள், ஆனால் மீதிப் பணம் வரும் முன் விடுவிக்காதீர்கள்.

புகார் தெரிவிக்கக் கால வரம்பு ஒன்றை ஒப்பந்தத்தில் போடுங்கள். நான் இப்போது கன்டெய்னர் திறந்து 7 நாள் என்று போடுகிறேன். அதற்குள் உற்பத்தித் தேதி, பேட்ச் எண் தெரியும் படத்தோடு, 175 முதல் 180 டிகிரி எண்ணெயில் பொரித்த காணொளியோடு வர வேண்டும். எண்ணெய்ச் சூடு கூடினாலே நல்ல கிழங்கும் கருக்கும், அதை யாரும் சொல்ல மாட்டார்கள்.

ஒவ்வொரு பேட்சிலிருந்தும் இரண்டு பெட்டியை உங்கள் பெயர் ஒட்டி ஆலையின் கிடங்கிலேயே வைக்கச் சொல்லுங்கள், ஆறு மாதத்துக்கு. இரண்டாவது கன்டெய்னரில் மறுபடி நிறப் புகார் வந்தபோது ஆலை ஆளை விட்டு அந்தப் பெட்டியைத் திறந்து, பொரித்து, நேரலையில் காட்டினோம். வாங்குபவர் அரை மணி நேரம் பேசாமல் இருந்துவிட்டு, தன் சமையல்காரர் எண்ணெயை மாற்றி நான்கு நாளாகிறது என்று சொன்னார்.